பிரான்சுவாஸ் போனோ: கேள்வி பதில்

'இஸட்' (1969) படத்துக்காக ஆஸ்கர் வாங்கிய பிரெஞ்சு எடிட்டர் போனோவைப் பற்றி நண்பர்கள் கேட்டவற்றுக்கு, எடிட்டிங் மேசையில் காலம் தள்ளுபவன் என்ற முறையில் என் பதில்கள்.

இவர் சினிமா பள்ளியில் படித்தவரா?

அம்மா மோனிக் போனோவே எடிட்டர், பிரெஞ்சு இயக்குநர் மெல்வில்லின் படங்களில் வேலை செய்தவர். 1939இல் பிறந்த மகள், அம்மாவுக்கு உதவியாளராக இருந்துதான் தொழிலைப் பிடித்துக்கொண்டார்.

அந்த ஆஸ்கர் வேகமாக வெட்டியதற்குத்தானே, சார்?

அப்படித்தான் பலரும் சொல்கிறார்கள். எனக்கு ஒப்புதல் இல்லை. 1963இல் கிரேக்க எம்.பி. லாம்ப்ராகிஸ் கொல்லப்பட்டதை வைத்து கோஸ்டா காவ்ராஸ் எடுத்த படம் அது. கடைசியில் நீதிபதி, கொலையில் சிக்கிய ராணுவ அதிகாரிகளை ஒவ்வொருவராகக் கூப்பிட்டுக் குற்றம் சாட்டுகிறார். பெயர், தொழில், தட்டச்சுப் பொறியின் எழுத்துகள் அடிக்கும் குளோசப். வெளியே வரும் அதிகாரி நிருபர்களிடமிருந்து தப்பிக்கப் பூட்டிய கதவை இழுத்துப் பார்ப்பார். அடுத்தவரும் அதே கதவு! இரண்டாவது ஆள் கைப்பிடியைத் தொடும்போதே நமக்குச் சிரிப்பு வந்துவிடுகிறது. இங்கே வேலை செய்வது வேகம் அல்ல, ஒரே வரிசை திரும்ப வரும் தாளம்.

இன்னொன்று, கொல்லப்பட்டவரின் மனைவியாக வரும் ஐரீன் பாப்பாஸின் நினைவுகள். படம் கலங்கி மறைந்து ஃபிளாஷ்பேக் வருவதுதான் அன்றைய வழக்கம். இதில் சட்டென்று ஒரு துண்டு வந்து போய்விடும். 35 எம்.எம். பிலிமில் ஒரு நொடிக்கு 24 பிரேம், அதாவது 24 தனிப்படங்கள். கால் நொடி வேண்டுமென்றால் 6 பிரேம், நீளத்தில் சுமார் 11 சென்டிமீட்டர். அதைக் கையால் வெட்டி ஒட்ட வேண்டிய காலம்.

அதே 1969இல் வந்த மெல்வில்லின் 'ஆர்மி ஆஃப் ஷேடோஸ்' ஆமை வேகத்தில் நகர்கிறதே?

அதையும் வெட்டியவர் இவரேதான்! அதனால்தான் இவரை எனக்குப் பிடிக்கும். தனக்கென்று ஒரு வேகம் வைத்துக்கொண்டு எல்லாப் படத்திலும் திணிக்கவில்லை.

பிரான்சில் பெண் எடிட்டர்கள் நிறைய இருப்பது ஏன்?

பிலிம் ஒட்டுவதைத் தையல் போலக் கைவேலை என்று நினைத்துப் பெண்களிடம் தள்ளிவிட்டார்கள். அந்த வழியில் நுழைந்தவர்கள்தான் பிறகு பெரிய இயக்குநரான கோதாரின் படங்களையே வெட்டினார்கள்: செசில் தெகுஜி, ஆன்யேஸ் கியுமோ.

பிற்காலத்தில்?

'மிஸ்ஸிங்' படத்துக்கு பாஃப்டா என்ற பிரிட்டிஷ் திரைப்பட விருது. அப்புறம் அமெரிக்க இயக்குநர் ஜூலி டேமோருடன் 'டைட்டஸ்', 'ஃப்ரீடா'. 2018இல் காலமானார்.

கற்றுக்கொள்பவன் நான். எதைப் பார்க்கட்டும், அண்ணா?

'ஆர்மி ஆஃப் ஷேடோஸ்' சலூன் காட்சி, தம்பி. ஜெர்மானியரிடமிருந்து ஓடிவந்தவன் சவரத்துக்கு உட்காருகிறான். சுவரில், ஜெர்மானியரோடு ஒத்துழைத்த பிரெஞ்சு ஆட்சித் தலைவர் பெத்தேனின் போஸ்டர். கத்தி கழுத்தில். இருவருக்கும் பேச்சு மிகக் குறைவு. கிளம்பும்போது கடைக்காரர் மாற்றுக் கோட்டு ஒன்றைக் கொடுக்கிறார். முதல் தடவை பார்க்கும்போது நீங்கள் எங்கே வெட்டியிருப்பீர்கள் என்று ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள். இரண்டாம் தடவை, அந்த இடங்களில் அவர் எத்தனை நொடி கூடுதலாகப் பொறுத்திருக்கிறார் என்று எண்ணுங்கள்.