ஹேடன் பன்டனின் 1930 எங்கே?

ஆஸ்திரேலிய கால்பந்து ஆட்டக்காரர் ஹேடன் பன்டனின் ஆட்டங்களை ஆண்டுவாரியாகத் தொகுக்கும் நீங்கள் 1930 ஏன் காலி என்று கேட்டிருந்தீர்கள். உங்கள் பட்டியலில் அவருடைய சொந்த வட்டாரமான ஆல்பரிக்கும் மெல்போர்ன் கிளப்பான ஃபிட்ஸ்ராய்க்கும் நடுவே அது காலியாக இருப்பது பிழையல்ல. அந்த ஆண்டு அவர் விஎஃப்எல்லில் (விக்டோரிய மாநிலக் கால்பந்து லீக்) ஒரு ஆட்டமும் ஆடவில்லை, அறிமுகம் 1931.

காரணம் பணம். கிராமப்புற ஆட்டக்காரரை இழுக்க மொத்தமாகத் தொகை கொடுப்பதை 1930-இல் வந்த கூல்டர் விதி தடுத்தது. ஓர் ஆட்டத்துக்கு 3 பவுண்டுதான் உச்சவரம்பு. ஃபிட்ஸ்ராய் அவருக்கு 222 பவுண்டு கொடுத்ததாகப் புகார் எழ, லீக் அனுமதி மறுத்துவிட்டது. அப்போது பல கிளப்புகள் மறைவாகச் செய்ததுதான் இது, மாட்டிக்கொண்டவர் இவர். வந்த முதல் ஆண்டிலேயே லீக்கின் சிறந்த ஆட்டக்காரருக்கான பிரவுன்லோ பதக்கம் வாங்கினார், அது வேறு கதை.

ஆல்பரி ஆட்டங்கள் விஎஃப்எல் தரவில் கிடைக்காது. பழைய ஆஸ்திரேலிய இதழ்களை இணையத்தில் தரும் டிரோவ் தளத்தில் 'ஆல்பரி பேனர்' வார இதழைத் திறந்து, தேடல் ஆண்டை 1928–1930 என்று சுருக்குங்கள். மே முதல் செப்டம்பர் வரை பார்த்தால் போதும், சீசன் அதுதான்.

ஒன்றில் கவனம்: பழைய செய்திகள் முதல் பெயரைப் போடாமல் 'பன்டன்' என்று மட்டும் எழுதும். அண்ணன் கிளீவரும் அதே வட்டாரத்து ஆட்டக்காரர். முதலெழுத்தோ ஆடிய இடமோ தெரியாத கோலை ஹேடன் கணக்கில் சேர்க்காதீர்கள். 1938 முதல் 1941 வரையிலான சுபியாகோ ஆட்டங்கள் மேற்கு ஆஸ்திரேலிய லீக்குடையவை; அவற்றுக்குப் பட்டியலில் தனி நெடுவரிசை போடுங்கள்.