தாத்தா போன கப்பல் ரஜூலாவா, ரோனாவா? முன்பணம் கொடுப்பதற்கு முன் படியுங்கள்

கேள்வி: என் தாத்தா பி.ஐ. (பிரிட்டிஷ் இந்தியா) கப்பல் கம்பெனியின் ரஜூலா கப்பலில் வேலை பார்த்தார். போர்க்காலத்தில் அரசு அதை எடுத்துக்கொண்டது, 1943-ல் ஜெர்மன்காரன் குண்டு போட்டு மூழ்கடித்தான், தாத்தா திரும்பவில்லை என்று வீட்டில் சொல்வார்கள். பெரியப்பாவோ 1960-களில் அதே ரஜூலாவில் பினாங்கு போய் வந்ததாகச் சொல்கிறார். எது உண்மை? தாத்தா ராணுவத்தில் இருந்ததாக நிரூபித்து பிரிட்டிஷ் அரசிடம் நஷ்டஈடு வாங்கித் தருவதாக ஒருவர் 35,000 ரூபாய் முன்பணம் கேட்கிறார். கொடுக்கலாமா? (நாகூர் வாசகர்)

பதில்: கொடுக்காதீர்கள். மற்றதெல்லாம் அப்புறம்.

பெரியப்பா சொல்வது சரி. ரஜூலா மூழ்கவில்லை. 1926-ல் கிளாஸ்கோவில் கட்டிய அந்தக் கப்பல், போரில் துருப்புகளை ஏற்றி இறக்கிவிட்டுப் பழையபடி சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, சிங்கப்பூர் ஓட்டத்துக்கே வந்துவிட்டது. 1973-ல் இந்தியக் கப்பல் கழகம் வாங்கி 'ரங்கத்' என்று பெயர் மாற்றியது. மறுவருடமே பம்பாயில் உடைத்துவிட்டார்கள்.

மூழ்கியது அதன் ஜோடிக் கப்பலான ரோனா. அதுவும் 1926-தான். ஆனால் கட்டியது இங்கிலாந்தின் டைன் நதிக்கரையிலிருந்த ஹாதர்ன் லெஸ்லி பட்டறை. அதே கம்பெனி, அதே ஓட்டம், கீழே சரக்கு, மேலே டெக் பயணிகள். 1940-ல் ரோனாவைத் துருப்புக் கப்பலாக எடுத்துக்கொண்டார்கள். 1943 நவம்பர் 25 அன்று அல்ஜீரியாவின் ஓரான் துறைமுகத்தில் சுமார் 2,000 அமெரிக்க வீரர்களை ஏற்றிக்கொண்டு கிளம்பி, மத்தியதரைக் கடலில் கிழக்கே போன கான்வாயில் (பாதுகாப்போடு கூட்டமாகப் போகும் கப்பல் வரிசை) சேர்ந்தது. மறுநாள் மாலை, அல்ஜீரியக் கரைக்கு அப்பால், ஜெர்மன் விமானம் ஒன்று ரேடியோவால் திசைதிருப்பக்கூடிய குண்டை ஏவியது. அது கப்பலின் இடப்பக்கத்தைத் துளைத்துக்கொண்டு உள்ளே போய் வெடித்தது. உயிர்காப்புப் படகுகளில் பலவற்றை இறக்கவே முடியவில்லை. 1,015 அமெரிக்கர்கள் இறந்தார்கள். கப்பல் பணியாளர்களில் நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்துபோனார்கள். அவர்களில் பெரும்பாலோர் இந்தியர்கள். புதுவகைக் குண்டு என்பதால் விவரத்தைப் பல வருடங்கள் வெளியே விடவில்லை. அமெரிக்கக் குடும்பங்களுக்கே என்ன நடந்தது என்று தெரியாதபோது நாகூரில் கப்பல் பெயர் மாறிப்போனதில் ஆச்சரியம் இல்லை. தாத்தா 1943-ல் திரும்பவில்லை என்பது உறுதியானால், முதலில் தேட வேண்டிய பெயர் ரோனா.

இப்போது அந்த "ராணுவம்" விஷயம். புரோக்கர்களின் பிழைப்பே இதில்தான் நடக்கிறது. அரசு கப்பலை எடுத்துக்கொண்டது என்றால் கப்பல் அரசுக்குச் சொந்தமாகிவிட்டது என்று அர்த்தமில்லை. அரசு கம்பெனிக்கு வாடகை கொடுத்தது. எங்கே போக வேண்டும், எதை ஏற்ற வேண்டும் என்று உத்தரவு போட்டது. கேப்டன் முதல் செராங் (மாலுமிகளின் தலைவர்), சுக்கானி (சுக்கான் பிடிப்பவர்), பண்டாரி (சமையல்காரர்) வரை எல்லோரும் கம்பெனி ஆட்களாகவேதான் இருந்தார்கள். (வெள்ளைக்கார மாலுமியின் சம்பளத்தில் ஒரு சிறு பங்குதான் நம்மவர்களுக்கு. 1939-ல் சம்பள உயர்வு கேட்டு வேலைநிறுத்தம் செய்தவர்களைப் பிடித்து ஜெயிலில் போட்டார்கள் என்பது தனிக்கதை.) ஆகவே உங்கள் தாத்தா வணிகக் கப்பல் மாலுமி. ராணுவ ஓய்வூதியம் என்ற பேச்சுக்கே இடமில்லை. இறந்த மாலுமியின் மனைவி, பிள்ளைகளுக்கு அந்தக் காலத்தில் உதவித்தொகை இருந்தது. பேரன் பேத்திகளுக்குப் பணம் தரும் திட்டம் எதுவும் இல்லை.

ஒரு விதிவிலக்கு உண்டு. புரோக்கர் அதைத்தான் காட்டுவார் என்பதால் விளக்கமாகவே சொல்கிறேன். சில பயணிக் கப்பல்களைக் கடற்படையே நேரடியாக எடுத்து, பீரங்கி பொருத்தி, போர்க்கப்பலாகப் பதிவு செய்தது. பி. அண்ட் ஓ. என்ற பிரிட்டிஷ் கப்பல் கம்பெனியின் ராவல்பிண்டி அப்படிப்பட்டது. 1939 நவம்பரில் இரண்டு ஜெர்மன் போர்க்கப்பல்களிடம் சிக்கி மூழ்கியது. அந்த மாதிரிக் கப்பல்களின் பெயருக்கு முன்னால் எச்.எம்.எஸ். (மன்னரின் போர்க்கப்பல்) என்று இருக்கும். அதில் தொடர்ந்து வேலை பார்த்த வணிக மாலுமிகள் தனி ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டு, கடற்படைச் சட்டத்துக்குக் கட்டுப்பட்டார்கள். ரோனா இந்த வகை இல்லை, ரஜூலாவும் இல்லை. "பாருங்க சார், கப்பல்ல பீரங்கி இருக்கு" என்று புகைப்படத்தை நீட்டினால் ஏமாறாதீர்கள். போர்க்காலத்தில் சரக்குக் கப்பல்களிலும் தற்காப்புக்குப் பீரங்கி இருந்தது. அதை இயக்கத் தனி ஆட்களையும் ஏற்றியிருந்தார்கள். பீரங்கி இருந்தால் பண்டாரி சிப்பாய் ஆகிவிட மாட்டார்.

சரி, நீங்களே என்ன செய்யலாம்? காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் இணையதளத்தில் பெயர் தேடுவது இலவசம். கடலில் இறந்த இந்திய மாலுமிகளை பம்பாய், சிட்டகாங் நினைவகங்களின் கீழ் பதிந்திருக்கிறார்கள். எழுத்துக்கூட்டலில்தான் தலைவலி. காதர் என்பதை ஆங்கிலத்தில் நாலு விதமாக எழுதியிருப்பார்கள். ஊர்ப்பெயரோ இனிஷியலோ பெரும்பாலும் இருக்காது. பெயரை மட்டும் நம்பாமல் கப்பல் பெயர், இறந்த தேதி, தகப்பனார் பெயர் மூன்றும் ஒத்துப்போகிறதா என்று பாருங்கள். யாரோ ஒரு அப்துல் காதரின் பக்கத்தை அச்செடுத்து "இதுதான் உங்க தாத்தா" என்று விற்பது இந்தத் தொழிலில் சாதாரணம்.

கப்பல் எங்கெங்கே போனது என்பதற்கு லண்டனில் கியூ என்ற பகுதியில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் ஒவ்வொரு கப்பலுக்கும் அட்டை இருக்கிறது. வரிசை எண் பி.டி. 389. துறைமுகம், தேதி, சேதம், மூழ்கல் எல்லாம் அதில் வரும். பணியாளர் பட்டியல் பி.டி. 381. அதைக் கப்பலின் அதிகாரப் பதிவு எண்ணை வைத்துத்தான் தேட வேண்டும். ஒரே பெயரில் பல கப்பல்கள் இருந்திருக்கின்றன. எண் மட்டும் மாறாது. நம் ஊர் அலுவலகங்களுக்கும் எழுதிப் பாருங்கள், ஆனால் மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருக்க வேண்டாம். "இந்தப் பிரிவு இல்லை, அந்தப் பிரிவு" என்று ஒரு வருடம் அலைக்கழித்துவிட்டு, பழைய பதிவேடு இல்லை என்று ஒற்றை வரியில் முடித்துவிடுவார்கள். அந்த ஒற்றை வரியையாவது முதல் மாதமே எழுதினால் என்ன என்று கேட்க ஆள் இல்லை.

எல்லாவற்றுக்கும் முன்னால் வீட்டுப் பெட்டியைத் துழாவுங்கள். தாத்தாவின் பழைய சி.டி.சி. புத்தகம் (மாலுமியின் பணிப்பதிவுப் புத்தகம்) கிடைத்தால் வேலை பாதி முடிந்தது. ஒரு பயணத்துக்கு ஒரு வரி: கப்பல் பெயர், பதிவு எண், ஏறிய இடமும் தேதியும், என்ன வேலை, இறங்கிய தேதி, நடத்தைக்கு ஒரு முத்திரை. கடைசி வரியில் இறங்கிய தேதி காலியாக இருக்கிறதா, அந்த வரியில் எந்தக் கப்பல் என்று பாருங்கள். வெற்றுப் பக்கங்களையும் விடாமல் படமெடுத்து வையுங்கள். அசலை மட்டும், பதக்கம் வாங்கித் தருகிறேன் என்று வருபவர் உட்பட, யார் கையிலும் கொடுக்காதீர்கள்.