சர்ச் ஆர்கனிஸ்ட் வேலையை நம்பி வாழ முடியுமா?

"சர்ச்சில் ஆர்கன் வாசித்துக்கொண்டே பாட்டுக்கு மெட்டும் போட்டுப் பிழைக்க முடியுமா? ஜெர்மன் இசைமேதை பாக் அப்படித்தானே வாழ்ந்தார்?" என்று கேட்டிருக்கிறீர்கள். ராயபுரம் பக்கம் ஒரு சபையில் 22 வருடமாக வாசிக்கிறேன். பகலில் பாரிமுனையில் ஒரு கிளியரிங் ஏஜென்சியில் கணக்கு எழுதுகிறேன். பாதி பதில் இதிலேயே வந்துவிட்டது.

சபை தரும் மாதப்படி பெட்ரோலுக்குச் சரி. கையில் நிற்பது கல்யாணக் கவரும் அடக்க ஆராதனைக் கவரும்தான். லெந்து நாட்களில் (ஈஸ்டருக்கு முந்தின தவக்காலம்) கல்யாணம் கிடையாது, அதனால் எங்களுக்கும் சேர்த்து உபவாசம். இதைச் சொல்லவே கூச்சப்படுவேன், பாக் 1730இல் எர்ட்மான் என்ற பழைய நண்பருக்கு எழுதிய கடிதத்தைப் படிக்கும்வரை. லைப்சிக் நகரில் வருடத்துக்குச் சுமார் 700 தாலர் (அந்தக் கால ஜெர்மன் வெள்ளி நாணயம்) வருகிறதாம். சாவு கூடினால் வருமானம் கூடுமாம். நல்ல காற்று வீசினால் குறையுமாம். முந்தின வருடம் அடக்கக் கட்டணத்தில் மட்டும் 100 தாலருக்கு மேல் போச்சு என்று புலம்புகிறார்! இத்தனைக்கும் அங்கே அவர் ஆர்கனிஸ்ட்கூட இல்லை, பாடகர் குழுவை நடத்தும் கேண்டர். பிறந்த பிள்ளைகள் 20, பிழைத்து வளர்ந்தது பாதி. புலம்பாமல் என்ன செய்வார்?

ஆர்கனிஸ்டாக அவர் பட்ட பாடு அதற்கு முன்னால். 1703இல், 18 வயதில், ஆர்ன்ஷ்டாட் ஊரில் வேலைக்குச் சேர்ந்தார். 1705இல் நாலு வாரம் லீவு வாங்கிக்கொண்டு, பக்ஸ்டஹூட என்ற பெரிய ஆர்கனிஸ்ட் வாசிப்பதைக் கேட்க லூபெக் நகருக்குச் சுமார் 400 கிலோமீட்டர் நடந்தே போனார். திரும்பி வர நாலு மாதம் ஆனது. 1706 பிப்ரவரியில் விசாரணை. லீவு விஷயத்தைவிட எனக்குப் பிடித்தது இன்னொரு குற்றச்சாட்டு: ஞானப்பாட்டுக்குள் புரியாத சுரங்களைக் கலந்து சபையைக் குழப்புகிறார். நீளமாக வாசிக்கிறாய் என்று சொன்னதற்கு, ஒரேயடியாகச் சுருக்கிவிட்டாராம். குசும்பு!

(அதே 1706 ஜூலையில்தான் ஜெர்மன் மிஷனரி சீகன்பால்கு தரங்கம்பாடியில் வந்து இறங்கினார். ஜெர்மன் ஞானப்பாட்டு மெட்டுகள் தமிழுக்குள் நுழைந்தது அவரைப் போன்ற மிஷனரிகள் வழியாக.)

எனக்கும் அந்த விசாரணை நடந்திருக்கிறது. ஒரு பாமாலையில் கடைசிச் சரணத்துக்குச் சுருதியை அரைக்கட்டை ஏற்றினேன். முன்வரிசைப் பாட்டிகள் பழைய கட்டையை விடவில்லை. கொயர் (பாடகர் குழு) என் பக்கம், சபை அவர்கள் பக்கம். ஆராதனை முடிந்ததும் ஐயர், அதாவது எங்கள் போதகர், வெஸ்ட்ரிக்கு (ஆலயத்தை ஒட்டிய அவர் அறைக்கு) கூப்பிட்டார். "தம்பி, ஏத்தணும்னா பாட்டு முடிஞ்சப்புறம் ஏத்துங்க."

ஆர்கன் என்றதும் பெரிய குழாய்களைக் கற்பனை செய்துவிடாதீர்கள். எங்களிடம் இருப்பது கீபோர்டும், மூலையில் காலால் மிதித்து வாசிக்கும் ஒரு ஆர்மோனியமும். கடல் காற்றில் அதன் ரீடு (ஒலி எழுப்பும் தகடு) எல்லாம் களிம்பேறி நாலு கட்டை ஊமையாகிவிட்டது. ஆனாலும் கரண்ட் போனால் அதுதான் கை கொடுக்கும். மிதித்து மிதித்து என் கால்தான் வலிக்கும்.

அப்புறம், மெட்டுப் போடுவது. நானும் நாலைந்து போட்டிருக்கிறேன், ஒன்றுக்கும் காசு வந்ததில்லை. ஒன்றை மட்டும் அறுப்பின் பண்டிகையில் வருடாவருடம் பாடுகிறார்கள். போன வருடம் அந்தப் பண்டிகைக் காணிக்கை ஏலத்தில் வாழைத்தார் எடுத்த ஒரு பெரியவர், "அந்தக் காலத்து மெட்டு மாதிரி இப்ப யாரு போடுறாங்க" என்று சொல்லிவிட்டு அதையே முணுமுணுத்துக்கொண்டு போனார்.