சார்ஜென்ட் வில்சனின் போடாத பொத்தான்

கேள்வி: இரண்டாம் உலகப் போர்க்கால பிரிட்டனின் உள்ளூர்த் தொண்டர் காவல் படையைப் பற்றிய பழைய பிபிசி நகைச்சுவைத் தொடர் ‘டாட்ஸ் ஆர்மி’யில் கேப்டன் மெயின்வேரிங்தான் முக்கியப் பாத்திரம். ஆனால் கண் என்னவோ சார்ஜென்ட் வில்சன் மேலேயே போகிறதே! அவராக நடித்தவர் யார்?

பதில்: ஜான் லெ மெஷரர் (1912–1983). இரண்டாம் உலகப் போரில் டாங்க் படை அதிகாரியாக பிரிட்டிஷ் இந்தியாவில் இருந்தவர். வில்சனுக்காகப் புதிதாக எதையும் ஜோடிக்காமல் தன் சுபாவத்தையே கொடுத்தார். சீருடையைக் கவனியுங்கள்: ஒன்றிரண்டு பொத்தான் போட்டிருக்க மாட்டார், சட்டைக்கை லேசாக மடங்கியிருக்கும். கட்டளையைக்கூட வேண்டுகோள் மாதிரி மெல்லச் சொல்வார்.

படையில் மட்டுமல்ல, இருவரும் வேலை பார்க்கும் வங்கியிலும் மெயின்வேரிங் மேலாளர், வில்சன் அவருக்குக் கீழே. ஆனால் மேட்டுக்குடிப் பிறப்பும் படிப்பும் வில்சனுக்கு! மெயின்வேரிங்காக நடித்த ஆர்தர் லோ விறைக்க விறைக்க இவர் தளர்வார், “அது சரியா இருக்குமா, சார்?” என்று இவர் மெதுவாகக் கேட்டதும் அவருக்குப் பற்றிக்கொண்டு வரும். பதவிக்கும் அந்தஸ்துக்கும் நடக்கும் இந்த இழுபறிதான் 1968 முதல் 1977 வரை 80 பகுதிகளையும் தாங்கியது.

அதற்கு முன்பே சினிமாவில் ஏராளமான சின்ன வேடங்கள்: டாக்டர், ராணுவ அதிகாரி, அரசு அலுவலர். தோற்றமும் குரலும் அப்படி, அதனால் அதே வேடங்களே தேடி வந்தன. அந்த வட்டத்தை உடைத்தது 1971இல் வந்த ‘டிரெய்ட்டர்’ என்ற தொலைக்காட்சி நாடகம். மாஸ்கோவில் குடித்தே அழியும் பிரிட்டிஷ் துரோகியாக நடித்து, சிறந்த நடிகருக்கான பிரிட்டிஷ் அகாடமி விருதை வாங்கினார். கிடைத்தால் அவசியம் பாருங்கள்.