திருகோணமலையில் இருந்துகொண்டு சினிமா, டிவி நடிப்புக்கு எங்கே தொடங்குவது?

உயர்தரம் எழுதி முடித்துவிட்டீர்கள், நடிக்க ஆசை, கொழும்பா சென்னையா என்று கேட்டிருக்கிறீர்கள். இப்போதைக்கு இரண்டும் வேண்டாம். நடிப்பவர்களைத் தெரிவு செய்யும் முதல் கட்டம் இன்று பெரும்பாலும் நீங்கள் போனில் எடுத்து அனுப்பும் ஒன்றரை நிமிட வீடியோவை வைத்துத்தான். அதை நிலாவெளியில் இருந்தும் அனுப்பலாம்.

அந்த வீடியோவைக் கெடுப்பது அநேகமாக சத்தம். கடற்கரைப் பக்க வீடென்றால் காற்று மைக்கில் உறுமும். ஜன்னலைச் சாத்தி, ஃபேனை நிற்பாட்டி, எதிர்ச்சுவரில் தடித்த போர்வை ஒன்றைத் தொங்கவிடுங்கள். கொலர் மைக் நாடிக்கு ஒரு சாண் கீழே இருக்கட்டும். போனைப் படுக்கையாக, கண் உயரத்தில், இரண்டு மீட்டர் தள்ளி வையுங்கள். வெளிச்சம் முகத்தில் விழ ஜன்னலைப் பார்த்து நில்லுங்கள். இரவில் எடுத்தால் இன்னொரு தொல்லை: நம் மின்சாரம் 50 ஹேர்ட்ஸ், போன் வழக்கமாக விநாடிக்கு 30 ஃபிரேம் எடுக்கும், அதனால் எல்.ஈ.டி வெளிச்சத்தில் கோடு கோடாகத் துடிக்கலாம். 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 என்று மாற்றுங்கள். போனில் அந்த வசதி இல்லையென்றால் பகலிலேயே எடுங்கள். எதிர் வசனம் சொல்பவர் லென்ஸை ஒட்டி நின்று உங்களைவிடத் தாழ்ந்த குரலில் பேசவேண்டும். வட்ஸ்அப்பில் சும்மா அனுப்பினால் படத்தின் தரம் குறைந்துவிடும், டொக்கியுமெண்டாக அனுப்புங்கள்.

பள்ளியில் நாடகமும் அரங்கியலும் படித்திருந்தால் குரலும் மனப்பாடமும் கைவசம் இருக்கும், பெரிய பலம். ஆனால் மண்டபத்தின் கடைசி வரிசைக்கு எறிந்து பழகிய குரல் குளோஸப்பில் சண்டை பிடிப்பதுபோல் கேட்கும். அதைவிட முக்கியம் தொடர்ச்சி. ஒரே காட்சியைத் தூரத்திலும் கிட்டத்திலும் திரும்பத் திரும்ப எடுப்பார்கள். முதல் தடவை எந்தச் சொல்லில் தேநீர்க் கோப்பையைத் தூக்கினீர்களோ, அடுத்த தடவையும் அதே சொல்லில், அதே கையால் தூக்கவேண்டும். மாறினால் எடிட்டரால் இரண்டையும் ஒட்டமுடியாது, நல்லாய் நடித்த குளோஸப்பும் வீசப்படும். அரை நிமிட வசனத்தைக் கோப்பையோடு மூன்று தரம் எடுத்து ஒப்பிட்டுப் பாருங்கள், எங்கே பிசகுகிறது என்று தெரிந்துவிடும். முறையாகப் படிக்க விருப்பமென்றால் மட்டக்களப்பில் சுவாமி விபுலானந்த அழகியல் கற்கைகள் நிறுவகம் இருக்கிறது.

இங்குள்ள தமிழ் சேனல்களில் ஓடும் தொடர்களில் பெரும்பகுதி இந்தியாவில் வாங்கியவை. ஆகவே சக்தி, வசந்தம், நேத்ரா போன்றவற்றில் உள்ளே போகும் வாசல் செய்தி, அறிவிப்பு, விளம்பரக் குரல். அதெல்லாம் நடிப்பில்லை என்று தள்ளாதீர்கள். நம்மூர் லொஸ்லியா சக்தி டிவியில் செய்தி வாசித்தவர். 2019இல் பிக்பாஸ் தமிழ் மூன்றாவது சீசன், 2021இல் சினிமாவில் கதாநாயகி. கமெராவுக்கு முன்னால் தினமும் தடுமாறாமல் பேசும் பழக்கம் வேறெங்கும் சம்பளத்தோடு கிடைக்காது.

சென்னைக்கு அனுப்பும்போது அந்த ஊர்ப் பேச்சில் ஒன்று, நம் பேச்சில் ஒன்று என்று இரண்டு வீடியோ அனுப்புங்கள். அங்கிருந்து கூப்பிட்டால், சுற்றுலா விசாவில் போய்ச் சம்பளத்துக்கு நடிக்கமுடியாது. விசாவுக்கான கடிதத்தை அவர்கள் தருவார்களா என்று டிக்கெட் போடமுன் கேளுங்கள். தெரிவுக்கு, பதிவுக்கு, போட்டோவுக்கு என்று காசு கேட்கிறவரோடு பேச்சை முறித்துவிடுங்கள். ஹோட்டல் அறையில் ஒடிஷன் என்றால் போகவே வேண்டாம். வேறு இடமென்றாலும் பகலில், வீட்டாள் ஒருவரோடு போங்கள். ஒப்பந்தத்தில் சம்பளம் நாள் கணக்கா எபிசோட் கணக்கா, எத்தனை நாளில் கைக்கு வரும், வேறு சேனலில் நடிக்கத் தடை உண்டா என்ற மூன்றையும் வாசித்த பிறகே கையெழுத்துப் போடுங்கள்.