அரபைமா ஏரிகளின் காவல் – வாசகர் கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

காட்டையும் நீரையும் நம்பி வாழ்கிறவர்களை வெளியேற்றிவிட்டு இயற்கையைக் காப்பாற்ற முடியாது என்று தொடர்ந்து எழுதி வருகிறீர்கள். உங்கள் பக்கம் நிற்கத்தான் எனக்கும் ஆசை. ஆனால் யோசித்துப் பார்த்தால் ஒப்பவில்லை. பசியோடு இருக்கிறவன் கண்முன்னால் நல்ல விலைக்குப் போகிற மீனோ மானோ நின்றால் அவன் பிடிக்கத்தான் செய்வான். அவனைக் குறை சொல்லவும் முடியாது. அதனால்தான் வேலி வேண்டும் என்கிறேன். 2030க்குள் பூமியின் நிலத்திலும் கடலிலும் 30 சதவீதத்தைக் காப்பது என்று நாடுகள் ஒப்புக்கொண்டிருக்கின்றன. அங்கே இருப்பவர்களுக்கு நியாயமான இழப்பீடு கொடுத்து வெளியே குடியமர்த்திவிட்டு, அந்த 30 சதவீதத்தைத் தொடாமல் விட்டுவிடுவதுதானே நேர்மையான வழி?

யாரும் சாப்பிடாத பறவைகளை ஊர்மக்கள் காப்பாற்றிய கதைகள் எனக்கும் தெரியும். சந்தையில் விலைபோகிற ஓர் உயிரினத்தை, அதை விற்றுப் பிழைக்கிறவர்களே பெரிய பரப்பில் மீட்டெடுத்த உதாரணம் ஒன்றாவது உண்டா? இருந்தால் சொல்லுங்கள்.

அன்புடன்,
கே., திருப்பூர்

*

அன்புள்ள கே.,

உண்டு. நீங்கள் போட்ட நிபந்தனைகள் அத்தனைக்கும் பொருந்துகிற ஒன்று, அமேசானின் அரபைமா மீன்.

மீன்தொட்டி வைத்திருப்பவர்களுக்கு இந்தப் பெயர் பழக்கம்தான். பிரேசிலில் பிரருக்கூ என்பார்கள். செதிலுள்ள நன்னீர் மீன்களில் உலகிலேயே மிகப் பெரியவற்றில் ஒன்று. மூன்று மீட்டர் நீளம், இருநூறு கிலோ எடை வரை வளரும். நல்ல சதைப்பற்றான மீன். உப்பிட்டுக் காயவைத்தால் தூரத்துச் சந்தைக்கும் போகும். இவ்வளவு பெரிய உடம்புக்குச் செவுள் மட்டும் போதாது. அதனால் பத்திருபது நிமிடத்துக்கு ஒருமுறை மேலே வந்து காற்றை விழுங்கிவிட்டுப் போகும். வெள்ளச் சமவெளி ஏரிகளில் ஆக்ஸிஜன் குறைந்து மற்ற மீன்கள் திணறும்போது அரபைமாவைக் காப்பது இந்தச் சுவாசம்தான். அதைக் காட்டிக்கொடுப்பதும் இதே சுவாசம்தான். தோணியில் எறியீட்டியோடு காத்திருக்கிறவனுக்கு, மீன் எங்கே மேலே வரும் என்று தெரிந்துவிடும்.

எறியீட்டி காலத்திலேயே பெரிய மீன்கள் குறைய ஆரம்பித்துவிட்டன. அப்புறம் நைலான் வலையும் டீசல் எஞ்சினும் ஐஸும் வந்தன. மனவுஸ் போன்ற நகரங்களிலிருந்து ஐஸ் படகுகள் ஏரி ஏரியாக நுழைந்து அள்ளிக்கொண்டு போயின. பல இடங்களில் அரபைமா அற்றே போனது. 1996இல் பிரேசிலின் அமேசோனாஸ் மாநிலத்தில் அதைப் பிடிக்கவே தடை வந்தது. தடை வந்த பிறகும் திருட்டு மீன் சந்தைக்கு வந்துகொண்டுதான் இருந்தது. கண்ணுக்கெட்டிய தூரம் வெள்ளத்தில் நிற்கிற காட்டில், யார் யாரைப் பிடிப்பது?

பசித்தவன் பிடிப்பான் என்றீர்கள். சரி, அந்த ஏரிக்கரையில் நின்று பாருங்கள். நான் இன்று இந்த மீனை விட்டுவைத்தால் அது வளர்ந்து, சினைபிடித்து, குஞ்சு பொரித்து, இரண்டு மூன்று வருஷத்தில் எனக்கே பலன் தரும் என்றால் விட்டுவைப்பேன். நாளைக்கே ஐஸ் படகுக்காரன் அதைக் கொண்டுபோவான் என்று தெரிந்தால் இன்றே பிடிப்பேன். நானும் நீங்களும் அங்கே பிறந்திருந்தால் இதைத்தான் செய்திருப்போம். விட்டுவைத்த மீன் தனக்குத்தான் கிடைக்கும் என்ற உறுதி அவனுக்கு இல்லை. அவனைப் பசியைவிட அதிகமாக ஆட்டிவைத்தது இதுதான் என்று நினைக்கிறேன்.

அந்த உறுதியை யாரும் கொடுக்காத காலத்திலேயே அவர்கள் தாங்களாகத் தேட முயன்றார்கள். டெஃபே நகரைச் சுற்றிய ஆற்றங்கரை ஊர்கள், கத்தோலிக்கத் திருச்சபையின் கல்வி இயக்கத்தோடு சேர்ந்து கூட்டம் போட்டு, இந்த ஏரியில் வெளியார் மீன் பிடிக்கக் கூடாது, இந்த ஏரியில் நாமும் பிடிக்கக் கூடாது என்று தீர்மானம் போட்டன. நம் சோழமண்டலக் கரையில் எந்த வலை ஆகாது என்று ஊர்ப் பஞ்சாயத்து கூடி முடிவெடுக்கிற வழக்கத்தை அறிந்தவர்களுக்கு இது புதிதாகத் தெரியாது. ஆனால் சட்டப்படி அந்த ஏரிகள் அவர்களுடையவை இல்லை. ஐஸ் படகு வந்தால் வாயால் தடுக்கலாம், அதற்கு மேல் எதுவும் இல்லை.

இந்த இடத்துக்கு 1983இல் ஜோசே மார்சியோ அய்ரெஸ் வந்தார். சிவந்த வழுக்கை முகமும் வெண்ணிற ரோமமும் கொண்ட உவகாரி குரங்கை ஆராய வந்த பிரேசில் விஞ்ஞானி. அந்தக் காட்டைக் காக்க வேண்டும் என்று அரசிடம் கேட்டார். சோலிமோயிஸ், ஜப்புரா என்ற இரண்டு நதிகளுக்கு நடுவிலுள்ள மமிராவா பகுதி 1990இல் பாதுகாக்கப்பட்டது. ஆனால் அப்போது கிடைத்த சட்ட வகையின்படி அதற்குள் யாரும் குடியிருக்கக் கூடாது. நீங்கள் கேட்கிற வேலி அதுதான்.

அந்தச் சட்டத்தை எழுத்துக்கு எழுத்து நிறைவேற்றியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? பதினோரு லட்சம் ஹெக்டேருக்கு மேல் பரப்பு. ஆண்டுதோறும் தண்ணீர் பத்து மீட்டருக்கு மேல் ஏறி இறங்கும். வெள்ளக் காலத்தில் மரங்களின் நடுவே தோணியில்தான் போக வேண்டும். அரசு எத்தனை காவலரை அங்கே போட முடியும்? ஊர்க்காரர்கள் போன மறுநாள் ஐஸ் படகு மட்டும்தான் மிஞ்சியிருக்கும். அய்ரெஸும் அவரோடு இருந்தவர்களும் சட்ட வகையையே மாற்றச் சொல்லிப் போராடினார்கள். 1996இல் மாநிலம் மமிராவாவை மக்கள் உள்ளே வாழ்ந்துகொண்டே காக்கிற காப்பகமாக அறிவித்தது. பிரேசிலில் அந்த வகையில் அதுவே முதலாவது. 2000இல் தேசியச் சட்டத்திலும் அந்த வகை இடம்பெற்றது. 2003இல் அய்ரெஸ் காலமானார். ஐம்பது வயது கூட ஆகவில்லை.

அடுத்து நடந்ததுதான் எனக்கு மிகவும் பிடித்த பகுதி. அரபைமாவை அளவாகப் பிடிக்க அனுமதிக்க வேண்டுமென்றால் ஏரியில் எத்தனை இருக்கிறது என்று தெரிய வேண்டும். கலங்கிய தண்ணீருக்குள் இருக்கிற மீனை எப்படி எண்ணுவது? மீனவர்களுக்குத் தெரிந்திருந்தது. மீன் மேலே வந்து காற்றை விழுங்குகிற சத்தத்தையும் தண்ணீரில் எழுகிற அலையையும் வைத்து, அது எவ்வளவு பெரியது, எந்தப் பக்கம் போகிறது, முன்பு வந்த அதே மீனா வேறொன்றா என்று தேர்ந்த எறியீட்டிக்காரரால் சொல்ல முடியும். லியாண்ட்ரோ கஸ்டெல்லோ என்ற இளம் ஆய்வாளர் அவர்களோடு உட்கார்ந்து இதை ஒரு முறையாக ஒழுங்குபடுத்தினார். தண்ணீர் வடிந்து மீன்கள் ஏரிகளுக்குள் அடைபட்டிருக்கும் பருவத்தில், மீனவர்கள் ஆளுக்கொரு பகுதியைப் பிரித்துக்கொண்டு இருபது நிமிடம் அசையாமல் எண்ணுவார்கள். ஒன்றரை மீட்டருக்கு மேற்பட்டவை தனிக் கணக்கு, சிறியவை தனிக் கணக்கு. பிறகு அடுத்த பகுதி. மீன்களைப் பிடித்துக் குறியிட்டு விட்டு, மறுபடி பிடித்துக் கணக்கிடும் வழக்கமான அறிவியல் முறையோடு இந்த எண்ணிக்கையை ஒப்பிட்டார். இரண்டும் நெருக்கமாகப் பொருந்தின. மீனவர்களின் எண்ணிக்கைக்கு ஆன செலவும் நேரமும் மற்றதில் மிகச் சிறு பங்குதான். 2004இல் இது ஆய்வுக் கட்டுரையாக வந்தது.

யோசித்துப் பாருங்கள். எந்தத் திறமை அந்த மீனைக் குறைய வைக்க ஆரம்பித்ததோ அதே திறமைதான் அதைக் காக்கும் கணக்காக மாறியது. அந்த மனிதர்களை இழப்பீடு கொடுத்து டெஃபே நகரத்தின் ஓரத்தில் குடியமர்த்தியிருந்தால் அவர்களோடு இந்த அறிவும் போயிருக்கும். அடுத்த தலைமுறையில் யாருக்கும் அது இருந்திருக்காது. பணத்தை வைத்து அதைத் திரும்ப வாங்கவும் முடியாது.

1999இல் மமிராவாவின் ஒரு பகுதியில் முதல் முறையாக அனுமதியோடு பிடித்தார்கள். ஒவ்வொரு ஆண்டும் எண்ண வேண்டும். வளர்ந்த மீன்களில் 30 சதவீதத்துக்கு மேல் பிடிக்க அனுமதி கிடைக்காது. இனப்பெருக்கக் காலத்தில் தொடக் கூடாது. ஏரிகளை மூன்றாகப் பிரித்துக்கொண்டார்கள். சிலவற்றை யாரும் தொடுவதில்லை, சிலவற்றில் வீட்டுச் சாப்பாட்டுக்கு மட்டும் பிடிக்கலாம், மற்றவற்றில் விற்பனைக்குப் பிடிக்கலாம். நீங்கள் சொல்கிற வேலி இங்கும் இருக்கிறது பாருங்கள். யாரும் தொடாத ஏரிகள் வேண்டும் என்பதில் எனக்கு உங்களோடு முழு உடன்பாடு. அந்த வேலியை அவர்களே போட்டுக்கொண்டதால் அது நிற்கிறது.

முறை அங்கிருந்து மற்ற நதிகளுக்குப் பரவியது. அமேசானின் கிளைநதியான ஜுருவாவில் ஜுவாவ் கம்போஸ்-சில்வாவும் கார்லோஸ் பெரெஸும் செய்த ஆய்வு 2016இல் வெளிவந்தது. ஊர்கள் காவல் காக்கிற ஏரிகளில் சராசரியாக 300 அரபைமாக்களுக்கு மேல் இருந்தன. யார் வேண்டுமானாலும் நுழையக்கூடிய ஏரிகளில் சராசரி 10ஐக்கூட எட்டவில்லை. அதே நதி, அதே மீன், அதே ஏழ்மை.

ஊர்க்காரர்கள் எல்லாரும் தியாகிகள் என்று நான் சொல்ல வரவில்லை. உள்ளூரிலேயே திருடுகிறவர்கள் உண்டு. காவல் முறைக்கு வராதவனுக்கும் விதியை மீறினவனுக்கும் அறுவடையில் பங்கைக் குறைப்பது, நிறுத்துவது என்று அவர்களிடம் தண்டனைகள் இருக்கின்றன. பங்கு கிடைக்கும் என்பதால்தான் அந்தத் தண்டனைக்கு அர்த்தம். வேலிக்கு வெளியே நிறுத்தப்பட்டவனிடமிருந்து பறிப்பதற்கு எதுவும் இல்லையே.

இனி என்னை உறுத்துகிற பக்கம். ஏரியின் வாயில் மிதக்கிற ஒரு காவல் வீடு. ஆண்டு முழுக்க இரவுபகலாக முறைவைத்துக் குடும்பங்கள் அங்கே இருக்கின்றன, பெண்களும்தான். திருடர்கள் துப்பாக்கியோடு வருவார்கள். இந்தக் காவலுக்கு யாரும் சம்பளம் கொடுப்பதில்லை. வருஷத்துக்கு ஒருமுறை நடக்கிற அறுவடையில் கிடைப்பதுதான் கூலி. அதிலும் ஐஸும் படகும் இடைத்தரகர் கையில் இருந்தால் அவர் சொல்வதே விலை. ஜுருவா நதியின் கரவாரி ஊரில் அஸ்ப்ரோக் என்ற உற்பத்தியாளர் சங்கம் இதை உடைக்கப் பாடுபடுகிறது. ரப்பர் காலத்து முதலாளிகளின் கடன்பிடியிலிருந்து தப்பிக்க 1991இல் தொடங்கிய சங்கம். மற்ற ஊர்களோடு சேர்ந்து பொதுப் பெயரில் மீனை ரியோவின் உணவகங்கள் வரைக்கும் கொண்டுபோயிருக்கிறார்கள். மீன் வெட்டுவது, கணக்கு எழுதுவது, காவல் என்று பெண்கள் தங்கள் பெயரில் பங்கு வாங்குகிறார்கள். அந்த நதிக்கரைகளில் பெண் கைக்கு மீன் பணம் வருவது முன்பு அரிது. இருந்தாலும் காவலுக்கு ஆகிற செலவை மீன் விலை முழுதாக ஈடுகட்டுவதில்லை.

இது உயிரைப் பணயம் வைக்கிற வேலை. 2022 ஜூன் 5 அன்று பிரேசிலின் மேற்குக் கோடியிலுள்ள ஜவாரி பள்ளத்தாக்கில், பழங்குடிகளோடு பணியாற்றிய புரூனோ பெரெய்ராவும் பிரிட்டிஷ் பத்திரிகையாளர் டோம் பிலிப்ஸும் கொல்லப்பட்டார்கள். பழங்குடிகள் தங்கள் எல்லைக்குத் தாங்களே ரோந்து போக புரூனோ பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தார். அந்த எல்லைக்குள் புகுந்து சட்டவிரோதமாக மீன் பிடித்தவர்களைத்தான் காவல்துறை கைது செய்தது. அங்கே திருடப்படுகிற முக்கியமான மீனும் அரபைமாதான்.

2030 இலக்கைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். 2022 டிசம்பரில் மான்ட்ரியாலில் ஒப்புக்கொண்ட அந்த வாசகத்தில் மக்களை வெளியேற்றச் சொல்லவில்லை. பழங்குடிகள், உள்ளூர் மக்களின் உரிமையை மதிக்க வேண்டும் என்றும், அவர்களின் மரபான நிலங்களை அங்கீகரிக்க வேண்டும் என்றும் அதில் இருக்கிறது. அளவான பயன்பாட்டுக்கும் இடம் இருக்கிறது. ஆனால் சதவீதக் கணக்கைக் காட்ட அவசரப்படுகிற அரசுகளுக்கு ஆட்களை அப்புறப்படுத்துவது சுலபமான வழி. கென்யாவில் மாவ் காட்டிலிருந்து ஓகியெக் மக்களைக் காட்டைக் காக்கிறோம் என்று சொல்லித்தான் வெளியேற்றினார்கள். 2017இல் ஆப்பிரிக்க மனித உரிமை நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. காடு அழிந்ததற்குக் காரணம் ஓகியெக் மக்கள் இல்லை, வெளியாரின் ஆக்கிரமிப்பும் அரசே கொடுத்த குடியேற்ற, மரவெட்டு அனுமதிகளும்தான் என்று தீர்ப்பு சொன்னது.

அதே மான்ட்ரியால் ஒப்பந்தத்தில் இயற்கையைக் காக்க 2030க்குள் ஆண்டுக்கு 20,000 கோடி டாலர் திரட்டுவது என்றும் இருக்கிறது. இதில்தான் உங்களைப் போன்றவர்களின் குரல் வேண்டும் என்று நினைக்கிறேன். 2023இன் வறட்சியில் டெஃபே ஏரியின் தண்ணீர் 39 டிகிரியைத் தாண்டியது. டெஃபேயிலும் அருகிலுள்ள கோவாரியிலுமாக 200க்கு மேற்பட்ட நன்னீர் ஓங்கில்கள் (டால்பின்கள்) செத்து மிதந்தன. ஆறுகள் வற்றி ஊர்கள் துண்டிக்கப்பட்டன. காவல் காத்து வளர்த்த மீனைச் சந்தைக்குக் கொண்டுபோக வழியில்லாமல் தவித்தார்கள். அந்த வெப்பத்தில் அவர்கள் எரித்த டீசலின் பங்கு ஒன்றுமில்லை என்றே சொல்லலாம். அந்த மக்களை வெளியேற்றுவதற்கு இழப்பீடாக நீங்கள் ஒதுக்கச் சொல்கிற தொகையை, அவர்கள் இருக்கிற இடத்திலேயே காவல் கூலியாக மாதாமாதம் கொடுக்கச் சொல்லுங்கள். காவல் வீட்டுக்கு ரேடியோ, ரோந்துப் படகுக்கு எண்ணெய், சங்கத்துக்குச் சொந்தமாக ஓர் ஐஸ் ஆலை, ஏரியின் பேரில் சட்டப்படியான பத்திரம். அவர்கள் பல வருஷமாகக் கேட்டு வருவதும் இவற்றைத்தான்.

அன்புடன்.