நடுராத்திரியில் இழுப்பு வந்தால் வீட்டில் என்ன செய்வது?

கேள்வி: தாராபுரம் பக்கம் ஒரு கிராமம் எங்களுடையது. மகனுக்கு 7 வயது. ஐப்பசி பிறந்தாலே அவனுக்கு வீசிங் வந்துவிடும். எனக்கும் சின்ன வயதிலிருந்தே உண்டு. ராத்திரியில் வந்தால் பக்கத்து கிளினிக்கில் ஊசி போட்டு, மெஷின் வைத்து அனுப்புகிறார்கள். பெரிய ஆஸ்பத்திரி 25 கிலோமீட்டர். மெடிக்கல்காரர் நெபுலைசர் வாங்கி வீட்டில் வைக்கச் சொல்கிறார். இன்ஹேலர் பழகினால் விடாது என்கிறார் மாமியார். நான்கு மாதமாக, ஒருவர் வீட்டுக்கே கொண்டுவந்து தரும் மூலிகைப் பொடியைக் கொடுத்து வருகிறோம். பையனுக்கு இழுப்பு குறைந்திருக்கிறது, நன்றாகப் பசிக்கிறது, முகமும் கொழுகொழுவென்று ஆகியிருக்கிறது. போன மாதம் உடம்பு வலிக்கு மெடிக்கலில் மாத்திரை வாங்கிப் போட்டேன். ஒரு மணி நேரத்தில் எனக்கு மூச்சு அடைத்துவிட்டது. அவசரத்துக்கு வீட்டில் என்ன செய்யலாம்? பெயர் வேண்டாம்.

பதில்: நீங்கள் கேட்டது அவசரத்துக்கு என்ன செய்வது என்று. ஆனால் கடிதத்தில் என்னைத் தூக்கிவாரிப் போட்டது அந்தப் பொடியும் பையனின் கொழுகொழு முகமும்தான். அதற்குக் கட்டாயம் வருகிறேன். முதலில் ராத்திரிப் பிரச்சினை.

இழுப்பு தொடங்கியதும் பையனை நிமிர்த்தி உட்கார வையுங்கள். படுக்கப் போடாதீர்கள். சுற்றி நிற்கும் கூட்டத்தை வெளியே அனுப்புங்கள். நெஞ்சில் தைலம் தேய்ப்பது, ஆவி பிடிக்க வைப்பது, சாம்பிராணி போடுவது எதுவும் வேண்டாம். அந்த வாசனையும் புகையுமே மூச்சுக்குழாயை இன்னும் இறுக்கும். நீல நிற இன்ஹேலர், அதாவது சால்பியூட்டமால், அதோடு ஒரு ஸ்பேசர், அதாவது இன்ஹேலரில் மாட்டி அதன் வழியாக மருந்தை மூச்சில் இழுக்கும் பிளாஸ்டிக் குழாய். இந்த இரண்டும் உங்கள் வீட்டில் டார்ச் லைட் மாதிரி கைக்கு எட்டும் இடத்தில் இருக்க வேண்டும்.

இன்ஹேலரை நன்றாகக் குலுக்கி ஸ்பேசரில் மாட்டி, ஒரே ஒரு தடவை அழுத்துங்கள். பையன் ஸ்பேசரின் வாயை உதடுகளால் இறுக்கிப் பிடித்தபடி, அதன் வழியாக ஐந்தாறு தடவை சாதாரணமாக மூச்சு விடட்டும். பிறகு மறுபடி குலுக்கி அடுத்த அழுத்து. அவசரம் என்று இரண்டு மூன்றைச் சேர்த்து அழுத்தினால் மருந்து ஸ்பேசர் சுவரில் ஒட்டிப் போகும், நெஞ்சுக்குப் போகாது. இப்படி நான்கு முதல் ஆறு அழுத்து, இதுதான் ஒரு சுற்று. பெரியவர்களுக்குப் பத்து வரை போகலாம். கை லேசாக நடுங்கும், நெஞ்சு படபடக்கும். அதற்குப் பயந்து நிறுத்திவிடாதீர்கள்.

20 நிமிடம் பாருங்கள். மூச்சு சீராகி, பேச்சு தெளிந்தால் நல்லது. தெளியவில்லை என்றால் யோசிக்காமல் 108ஐக் கூப்பிடுங்கள், அல்லது வண்டியை எடுங்கள். வண்டி வரும்வரையிலும் வண்டிக்குள்ளும் 20 நிமிடத்துக்கு ஒரு சுற்று கொடுத்துக்கொண்டே போகலாம். மூச்சு மிக மோசமாக இருந்தால் 20 நிமிடக் கணக்குப் பார்க்காமல் தொடர்ந்து கொடுங்கள். ஆஸ்பத்திரி பக்கத்திலேயே இருப்பவர்களுக்குச் சொல்வதைவிட உங்களுக்குக் கொஞ்சம் கடுமையாகவே சொல்கிறேன்: 25 கிலோமீட்டர் தூரத்தில் இருப்பவர்கள் மூன்றாவது சுற்று வரை வீட்டில் உட்கார்ந்து பார்க்கக் கூடாது. மருந்து கொடுத்ததும் சரியாகி, மூன்று நான்கு மணி நேரத்துக்குள் மறுபடி இழுப்பு வந்தாலும் கிளம்பிவிடுங்கள்.

சில அறிகுறிகள் இருந்தால் முதல் சுற்று முடியும்வரைகூடக் காத்திருக்க வேண்டாம். ஒரு வாக்கியத்தை முழுதாகச் சொல்ல முடியாமல் இரண்டு வார்த்தைக்கு ஒரு தடவை நின்று மூச்சு வாங்குவது, தண்ணீர் குடிக்க முடியாதது, விலா எலும்புகளுக்கு இடையே தோல் உள்ளே இழுப்பது, உதடு நீலமாவது, பிள்ளை தூங்கி வழிவது. கடைசியாகச் சொன்னதைக் கவனியுங்கள். "பாவம், களைச்சுப் போய்த் தூங்கிட்டான்" என்று போர்வை போர்த்திவிடுகிற வீடுகள் உண்டு. இழுப்புக்கு நடுவே வரும் அந்தத் தூக்கம் ஆபத்து. விசில் சத்தம் நின்றதும் சரியாகிவிட்டது என்று நினைப்பதும் அப்படித்தான். மூச்சு சுலபமாகாமல் சத்தம் மட்டும் நின்றால், காற்றே உள்ளே போகவில்லை என்று பொருள். கொரோனா காலத்தில் வாங்கிய ஆக்சிமீட்டர் இருந்தால் விரலில் மாட்டிப் பாருங்கள், 94க்குக் கீழே போனால் புறப்படுங்கள். ஆனால் எண் நன்றாக இருந்து பிள்ளை திணறினால், எண்ணை நம்பாமல் பிள்ளையைப் பாருங்கள்.

பிரிட்டனில் ஆஸ்துமாவால் இறந்த 195 பேரின் விவரங்களை ஆராய்ந்து 2014ல் ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். அதில் 45 சதவீதம் பேர் மருத்துவ உதவி கேட்காமலோ, உதவி கிடைப்பதற்கு முன்போ இறந்திருந்தார்கள். அவ்வளவு வசதியுள்ள நாட்டிலேயே இந்த நிலை என்றால், தாமதத்தைப் பற்றி நான் திரும்பத் திரும்பக் கத்துவதில் தப்பில்லை.

இனி மெடிக்கல்காரரின் நெபுலைசர். என்னைக் கேட்டால் வீட்டுக்கு வாங்காதீர்கள் என்பேன். உயிருக்கு ஆபத்தான நிலைக்குப் போகாத இழுப்பில், ஸ்பேசர் வழியாக இன்ஹேலர் கொடுத்தாலே நெபுலைசருக்குச் சமமான பலன் கிடைக்கும். குழந்தைகளுக்கும் இது பொருந்தும். ஸ்பேசர் சில நூறு ரூபாய்தான், கரண்ட் வேண்டாம், மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில்கூடக் கொடுக்கலாம். நெபுலைசர் வாங்கிய வீடுகளில் நான் பார்ப்பது வேறு: "மெஷின் இருக்கே, இன்னொரு தடவை வெச்சுப் பாப்போம்" என்று விடிய விடிய வைத்துக்கொண்டிருந்துவிட்டு, பிள்ளை துவண்ட பிறகு தூக்கிக்கொண்டு ஓடி வருவார்கள். ஆஸ்பத்திரியில் நெபுலைசரோடு ஆக்சிஜன் கொடுப்பார்கள். உங்கள் வீட்டு மெஷினில் அது இல்லை.

கிளினிக் ஊசியைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். டெரிபிலின், அவில், அதோடு ஒரு ஸ்டீராய்டு என்று கலந்து போடும் பழக்கம் இன்னும் போகவில்லை. டெரிபிலின் வகை மருந்துகளை அவசர இழுப்புக்குத் தர வேண்டாம் என்று உலக ஆஸ்துமா வழிகாட்டிகள் பல ஆண்டுகளாகச் சொல்லிவருகின்றன. அவில் தூக்கம் வரவழைக்கும். தூங்கவே கூடாத நேரத்தில் அது எதற்கு? தேவைப்படுவது ஸ்டீராய்டு மட்டும்தான். அதையும் விழுங்க முடிகிறவர்களுக்கு மாத்திரையாகவோ சிரப்பாகவோ கொடுத்தால் ஊசிக்குச் சமம். வேலை செய்ய எதுவானாலும் சில மணி நேரம் ஆகும். குழந்தைக்கு மூன்று முதல் ஐந்து நாள், பெரியவர்களுக்கு ஐந்து முதல் ஏழு நாள் தருவோம். மருத்துவர் எடை பார்த்து எழுதிய அளவை, எழுதிய நாள் வரை கொடுங்கள். இழுப்பு நின்றதே என்று இரண்டாம் நாளே நிறுத்தாதீர்கள்.

இப்போது அந்தப் பொடி. பொட்டலத்தைப் பார்க்காமல் உறுதியாகச் சொல்ல முடியாதுதான். ஆனால் இழுப்பு மளமளவென்று குறைந்து, பசி கூடி, முகம் உப்புகிறது என்றால் அது மூலிகையின் குணமல்ல. ஸ்டீராய்டு மாத்திரையை இடித்துக் கலந்திருப்பதாகவே சந்தேகப்படுவேன். பேர் இல்லை, உரிம எண் இல்லை, தயாரித்த தேதி இல்லை, ஏஜென்ட் பைக்கில் வந்து ரொக்கம் வாங்கிக்கொண்டு போவான். ரசீது கேட்டுப் பாருங்கள், அடுத்த மாதம் வரமாட்டான். சித்த மருத்துவத்தைக் குறை சொல்வதாக யாரும் சண்டைக்கு வர வேண்டாம். முறையாகப் படித்த சித்த மருத்துவர் லேபிள் இல்லாத பொட்டலத்தை வீடு வீடாக விற்கமாட்டார்.

இன்றே அதைத் தூக்கி எறியுங்கள் என்று சொல்லத்தான் கை வருகிறது. ஆனால் சொல்லமாட்டேன். மாதக்கணக்கில் வெளியிலிருந்து ஸ்டீராய்டு போனால், உடம்பு தானாகச் சுரக்க வேண்டிய ஸ்டீராய்டை நிறுத்திவிடும். அந்த நிலையில் பொடியைச் சட்டென்று நிறுத்தினால், ஒரு காய்ச்சலோ வாந்தியோ வந்தால்கூடப் பிள்ளை மயங்கி விழலாம். பொட்டலத்தையே கையில் எடுத்துக்கொண்டு இந்த வாரமே குழந்தைகள் நல மருத்துவரிடம் போங்கள். காலையில் ஒரு ரத்தப் பரிசோதனை செய்து பார்த்து, படிப்படியாகக் குறைப்பார். அதற்கு முன்பே அவசரமாக ஆஸ்பத்திரிக்குப் போக நேர்ந்தால், "நான்கு மாதமாக ஒரு பொடி சாப்பிடுகிறான்" என்பதுதான் நீங்கள் சொல்லும் முதல் வாக்கியமாக இருக்க வேண்டும். திட்டுவார்களோ என்று மறைக்காதீர்கள். திட்டினால் வாங்கிக்கொள்ளுங்கள்.

மாமியாரிடம் ஒரு கணக்கைச் சொல்லுங்கள். இன்ஹேலரில் ஓர் அழுத்துக்கு 100 மைக்ரோகிராம் மருந்து. அதே மருந்து மாத்திரையாக 4 மில்லிகிராம், அதாவது 40 அழுத்துக்குச் சமம், அதுவும் ரத்தத்தில் கலந்து உடம்பெல்லாம் சுற்றி வருகிறது. "லேசான" மாத்திரை என்று அவர் நினைப்பதுதான் கனமானது. இன்ஹேலருக்கு யாரும் அடிமையாவதில்லை. ஆனால் நீல இன்ஹேலர் அடிக்கடி தேவைப்படுகிறது என்றால் நோய் கட்டுக்குள் இல்லை. தடுப்புக்கான ஸ்டீராய்டு இன்ஹேலர் வேண்டும். பொடியில் இருக்கும் ஸ்டீராய்டைப் பற்றி இவ்வளவு பயமுறுத்திவிட்டு இதைச் சொல்கிறேனே என்று குழம்ப வேண்டாம். இது நேராக மூச்சுக்குழாய்க்குப் போகிற மிகச் சிறிய அளவு. நீல இன்ஹேலரை மட்டும் வைத்து ஆஸ்துமாவைச் சமாளிக்கக் கூடாது என்று உலக வழிகாட்டி 2019லேயே மாற்றி எழுதிவிட்டது. உங்கள் வயதுக்காரர்களுக்கு நிவாரணமும் தடுப்பும் சேர்ந்த புடசொனைடு–பார்மொடிரால் இன்ஹேலரே போதுமா என்று உங்கள் மருத்துவரைக் கேளுங்கள்.

இதெல்லாம் உங்களுக்கு ஏன் இத்தனை வருடம் யாரும் சொல்லவில்லை? ஊசி போட ஒரு நிமிடம் ஆகும், ஸ்பேசர் பிடிக்கக் கற்றுக்கொடுக்கப் பத்து நிமிடம் ஆகும். வெளியே எண்பது பேர் வரிசையில் நிற்கும்போது எந்த மருத்துவருக்கு அந்தப் பத்து நிமிடம் இருக்கிறது? காப்பீட்டு அட்டை ஆஸ்பத்திரிப் படுக்கையில் சேர்ந்தால்தான் பேசும். சேராமலே காப்பாற்றக்கூடிய இன்ஹேலருக்கும் ஸ்பேசருக்கும் பேசாது. கேட்டால் விதி என்பார்கள்.

கடைசியாக உங்கள் உடம்பு வலி மாத்திரை. இதைக் கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன், ஏனென்றால் பாதிக் கிளினிக்குகளில் கேட்பதே இல்லை. ஆஸ்துமா உள்ள பெரியவர்களில் நூற்றுக்கு ஏழு பேர் அளவுக்கு ஆஸ்பிரின், டைக்ளோபினாக், ஐபுபுரோபென், அசிக்ளோபினாக் போன்ற வலி மாத்திரைகள் ஒத்துக்கொள்வதில்லை. போட்ட அரை மணியிலிருந்து மூன்று மணி நேரத்துக்குள் மூக்கு ஒழுகி, முகம் சிவந்து, கடுமையான இழுப்பு வரும். மூக்கில் சதை வளர்ந்தவர்கள், வாசனையே தெரியவில்லை என்பவர்கள் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். ஒரு மாத்திரை ஒத்துக்கொள்ளவில்லை என்றால் இந்த மருந்துக் குடும்பத்தில் பெரும்பாலானவை ஒத்துக்கொள்ளாது, பெயரை மாற்றி வாங்குவதில் பயனில்லை. மெடிக்கலில் காகித உறையில் போட்டுத் தரும் "காய்ச்சல், உடம்பு வலி செட்"டில் இவற்றில் ஒன்று இருக்கும், பாரசிட்டமாலோடு சேர்த்தே ஒரே மாத்திரையாகவும் வரும். வெட்டிக் கொடுத்த துண்டில் பெயர் இருக்காது. உங்களுக்குத் தனிப் பாரசிட்டமால் 500 போதும், அதையும் அட்டையோடு கேட்டு வாங்குங்கள். உங்களுக்கு வந்தது இந்தக் கோளாறுதானா என்று மருத்துவர் உறுதிசெய்யும்வரை மற்ற வலி மாத்திரை எதையும் தொடாதீர்கள். வீட்டில் நீங்களே சோதித்துப் பார்க்கவும் வேண்டாம். பல் பிடுங்கப் போனாலும் சரி, மூட்டு வலிக்குப் போனாலும் சரி, சீட்டு எழுதுவதற்கு முன்பே வாயைத் திறந்து சொல்லிவிடுங்கள்.

ஸ்பேசர் உடனே கிடைக்கவில்லை என்றால் ஒரு 500 மில்லி தண்ணீர் பாட்டில் போதும். கேப் டவுன் குழந்தை மருத்துவர்கள் 1999லேயே சோதித்துப் பார்த்துவிட்டார்கள், கடை ஸ்பேசருக்கு ஏறக்குறைய ஈடாக இருந்தது. அடிப்பாகத்தில் இன்ஹேலரின் வாய் இறுக்கமாக நுழையும் அளவுக்கு ஓட்டை போட்டு, சுற்றி டேப் ஒட்டி, பாட்டிலின் வாயைப் பையன் வாயில் வையுங்கள். ஓட்டையின் விளிம்பு கூராக இல்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள். இன்று சாயங்காலமே ஒன்று செய்து, பையனுக்கு இழுப்பு இல்லாத நேரத்தில், மருந்து இல்லாமல் வெறும் மூச்சு விட்டுப் பழக்குங்கள்.